தும்மியபோது மட்டும் தெரிந்தவள்

ஹலோ… ஹலோ மாப்ள! கேக்குதா?… ஆங், நான்தான். எங்க இருக்க?… மீட்டிங்லயா? மீட்டிங்க விட்டு வெளிய வா… வாடா, வயித்தக் கலக்குதுன்னு சொல்லிட்டு வா. உன் மீட்டிங் நாளைக்கும் இருக்கும், நாளன்னைக்கும் இருக்கும். எனக்குப் பதினோரு மணிக்குள்ள ஒரு காரியம் ஆகணும்… ஆமா ஆமா, நீ நடந்து வா, நான் வெக்கல.

…வந்துட்டியா? சரி, கேளு. லேப்டாப் ஸ்கிரீன்ல என்ன ஓடுதோ அதை அப்படியே வீடியோவா புடிக்கணும். எப்படின்னு சொல்லு… அதே லேப்டாப்தான், நீ பாப்பாவுக்கு வாங்கிக் குடுத்தியே, அது… இல்ல, போட்டோ இல்ல. ஓடற மாதிரி வேணும்… போன்ல எடுத்துப் பாத்துட்டேன் மாப்ள. என் மூஞ்சிதான் பளபளன்னு தெரியுது. அதுக்கு மேல கோடு கோடா என்னமோ ஓடுது. பேய்ப் படம் மாதிரி இருக்கு. அதைக் கொண்டு போய்க் காட்டினா அதுக்கும் ஒரு நொட்டை சொல்வாங்க.

…யாரா? அந்த ஸ்கூல்காரங்கதான், வேற யாரு? உங்க அக்கா உன்கிட்ட ஒண்ணும் சொல்லலியா?… சொல்லிருக்க மாட்டா. 'விடுங்க, வேற ஸ்கூல் பாத்துக்கலாம்'னு சொல்லிட்டு வேலைக்குக் கிளம்பிப் போயிட்டா. போறப்ப செருப்பைப் போட்டுக்கிட்டே இன்னொரு தடவை சொல்றா, 'யார்கிட்டயும் கத்தாதீங்க'ன்னு. நான் எங்கடா கத்தறேன்?… இது கத்தறதா? இது என் குரல். லிஃப்ட் குழிக்குள்ள நின்னுக்கிட்டு மேல இருக்கறவனைக் கூப்பிட்டுக் கூப்பிட்டு இப்படி ஆயிடுச்சு. மெக்கானிக் வேலைக்கு வந்தா நீயும் இப்படித்தான் பேசுவ.

சரி, முதல்லேர்ந்து சொல்றேன். நடுவுல பேசாத. நம்ம பாப்பாவுக்கு, அந்தப் பட்டாசுக்கு, போன வாரம் இன்டர்வியூ நடந்துச்சுல்ல, ஒன்பதாவதுல சேக்கறதுக்கு?… ஆங், வீட்லேர்ந்தே, கம்ப்யூட்டர்ல. பொண்ணுக்குக் காது கேக்காதுன்னு முன்னாடியே சொல்லியாச்சு. 'கவலைப்படாதீங்க, எங்ககிட்ட சைகை தெரிஞ்ச டீச்சர் இருக்காங்க'ன்னாங்க. வாத்தியார் கேள்வி கேப்பாரு, அந்த டீச்சர் அதைக் கையால இவளுக்குக் காட்டுவாங்க. இவ கையால பதில் சொல்லுவா. டீச்சர் அதை வாயால எடுத்துச் சொல்லணும். மூணு பேரும் மூணு இடத்துல, ஸ்கிரீன்ல மூணு கட்டம்… நான் உள்ள இல்ல மாப்ள. பெத்தவங்க ரூம்ல இருக்கக் கூடாதாம். கதவைச் சாத்திட்டு ஹால்ல உக்காந்திருந்தேன், பிரசவ வார்டு வாசல்ல உக்காந்த மாதிரி.

முடிச்சிட்டு வந்தா பாரு, மூஞ்சியெல்லாம் வெளிச்சம். எல்லாத்துக்கும் பதில் சொல்லிட்டேன்னு குதிக்கறா. உங்க அக்கா உடனே யூனிஃபார்ம் துணி என்ன கலர்னு விசாரிக்க ஆரம்பிச்சிட்டா.

முந்தாநேத்து கூப்பிட்டு அனுப்பினாங்க. பிரின்சிபால் ரூம். அந்தம்மா மெதுவாத்தான் பேசறாங்க. மெதுவா பேசியே ஆளைக் கொல்றாங்க. 'உங்க பொண்ணு ஒரு கேள்விக்கும் பதில் சொல்லல. எல்லாத்துக்கும் சைகை டீச்சரே சொல்லியிருக்காங்க'ன்னாங்க… ஆமாடா!… அதேதான் நானும் கேட்டேன், எதை வெச்சு சொல்றீங்கன்னு. 'எங்க ரெக்கார்டிங் இருக்கு, நீங்களே பாருங்க'ன்னு கம்ப்யூட்டரை என் பக்கம் திருப்பறாங்க.

பாத்தேன். வாத்தியார் பேசறப்ப வாத்தியார் மூஞ்சி பெருசா வருது. அவர் நிறுத்தினதும் டீச்சர் மூஞ்சி பெருசா வருது. மறுபடியும் வாத்தியார். மறுபடியும் டீச்சர். என் பொண்ணு எங்கடான்னா, காணோம். மொத்த வீடியோவுலயும் ஒரே ஒரு தடவைதான் வந்தா. எப்போ தெரியுமா? தும்மினப்ப!… சிரிக்காதடா. சத்தியமா சொல்றேன். அச்சுன்னு ஒரு தும்மல், உடனே ஸ்கிரீன் முழுக்க அவ மூஞ்சி, மூக்கைத் துடைச்சிக்கிட்டு. அப்புறம் போயே போச்சு.

…அதான்! நீ கம்ப்யூட்டர்காரன், சட்டுன்னு புடிச்சிட்ட. யார் சத்தம் போடறாங்களோ அவங்க மூஞ்சியத்தான் அது புடிக்குது. கையால பேசறவ அதுல எப்படி வருவா? ஊர்ல இருக்கற கை எல்லாம் பேசினாலும் அந்த டப்பாவுக்கு ஒண்ணும் தெரியாது… சொன்னேனே, அங்கேயே சொன்னேன். அவங்க கம்ப்யூட்டர் சார் ஒருத்தரைக் கூப்பிட்டாங்க. அவர் தலையைச் சொறிஞ்சிட்டு, 'சிஸ்டம் அப்படித்தாங்க, மாத்த முடியாது'ங்கறார். கேள்வி கேட்ட வாத்தியாரைக் கேட்டா, 'நான் பேப்பரைப் பாத்துக் கேட்டேன், காதால வாங்கி மார்க் போட்டேன், நிமிந்து பாக்கல'ங்கறார். ரொம்ப நேர்மையான மனுஷன்!… 'பதில் பூரா அவளோடது'ன்னு டீச்சர் சொல்றாங்கடா, அழாத குறையா சொல்றாங்க. ஆனா குத்தம் சாட்டறதே அவங்க மேலதானே? அவங்க பேச்சை எப்படி எடுப்பாங்க? அவங்க வேலைக்கே ஆபத்து.

இதுல ஒரு கேள்வி இருக்கு. அதுதான் அந்தம்மாவுக்குத் துருப்புச் சீட்டு. எரியற மெழுகுவத்தி மேல கண்ணாடி டம்ளரைக் கவுத்தா ஏன் அணையுதுன்னு கேட்டிருக்காங்க. டீச்சர் 'உள்ள காத்து தீந்துடுச்சு'ன்னு சொல்றாங்க. அப்புறம் ஒரு நொடி கழிச்சு, 'மன்னிக்கணும், காத்து இல்ல, காத்துல இருக்கற ஆக்சிஜன் குறைஞ்சுடுச்சு'ன்னு மாத்திச் சொல்றாங்க. அதை ரெண்டு தடவை ஓட்டிக் காட்டி, 'பாருங்க, அவங்களே சொல்றாங்க, அவங்களே திருத்திக்கறாங்க, இதுல உங்க பொண்ணு எங்க இருக்கா?'ன்னு கேக்கறாங்க மாப்ள. எனக்குப் பத்திக்கிட்டு வந்துச்சு.

…கத்தல. மேஜையை மட்டும் தட்டினேன்… லேசாத்தான். 'என் பொண்ணு பதில் சொன்னா. நீங்கதான் பாக்கல. ரெண்டும் வேற வேற'ன்னு சொன்னேன். அதுக்கு அந்தம்மா பெரிய மனசு பண்ணி இன்னொரு சான்ஸ் குடுக்கறாங்களாம். இன்னிக்குப் பதினோரு மணிக்கு. அதே வாத்தியார், அதே டீச்சர், அதே கேள்விங்க. ரெக்கார்டிங்கும் அதே!… பின்ன என்ன? அதே டப்பாவுல மறுபடி போட்டா அதேதானே வரும்? அதுக்குத்தான் உன்னைக் கூப்பிட்டேன். அவங்க பதிவு அவங்களோட. என் பதிவு என்னோட. என் வீட்டு ஸ்கிரீன்ல என் கண்ணுக்குத் தெரியறதை நான் புடிக்கறேன். யார் கேப்பாங்க?

…கடிதமா? என்ன கடிதம்?… மன்னிப்பா? போடா! மேஜையைத் தட்டினதுக்கு வேணா மேஜைகிட்ட மன்னிப்பு கேக்கறேன். நீயும் உங்க அக்காவும் ஒரே அச்சு. ஒருத்தன் காலை மிதிச்சா, 'காலை இங்க வெச்சதுக்கு மன்னிக்கணும்'னு சொல்ற ஜாதகம்… சரி சரி, கோச்சுக்காத. வழியைச் சொல்லு.

…இல்ல, அவளுக்கு ஒண்ணும் தெரியாது. இந்தக் கூத்து எதையும் சொல்லல. மனசு ஒடிஞ்சி போயிடுவாடா. 'இன்னொரு தடவை பேசணுமாம்'னு மட்டும் சொல்லி வெச்சிருக்கோம். அதுக்கே காலைலேர்ந்து மூஞ்சியத் தூக்கி வெச்சிருக்கா. நல்ல சட்டை போடும்மான்னா மாட்டேங்கறா. பயம், பாவம்… இங்கதான், எதுக்க சேர்ல உக்காந்திருக்கா. என்னையே பாத்துக்கிட்டு…

ஐயோ.

…இல்ல இல்ல, ஒண்ணும் இல்ல. மாப்ள, இவ என் வாயையே பாத்துக்கிட்டிருக்கா… உதட்டைப் படிப்பாடா! தெரியாதா உனக்கு? போன தடவை நீயும் நானும் வாசல்ல நின்னு பேசினதை ஜன்னல் வழியா படிச்சிட்டு உங்க அக்காகிட்ட போட்டுக் குடுத்தாளே!… எவ்வளவு படிச்சான்னு தெரியல. நான்தான் மடையன், போன்ல பேசினா ரகசியம்னு நினைச்சிட்டேன். இரு, சுவத்தைப் பாத்துத் திரும்பிக்கறேன். ஆங். இப்ப சொல்லு.

…கீழ தேடற கட்டமா? இருக்கு. என்ன அடிக்கணும்?… ஸ்னிப்பா? எஸ், என்… வந்துடுச்சு. கத்திரிக்கோல் படம் போட்டது. அமுக்கிட்டேன். சின்னதா ஒரு பெட்டி வருது… கேமரா படம் ஒண்ணு, பக்கத்துலயே வீடியோ கேமரா படம் ஒண்ணு. வீடியோவைத்தானே?… ஆச்சு. 'நியூ'ன்னு இருக்கு, அதையா?… என்னடா இது! ஸ்கிரீனே மங்கிப் போச்சு! எதையோ கெடுத்துட்டேன்… அப்படித்தான் ஆகுமா? முதல்லயே சொல்ல மாட்டியா, உயிரே போச்சு.

…கட்டம் இழுக்கணுமா? எந்த இடத்தைப் புடிக்கணுமோ அதைச் சுத்தியா? சரி… இரு, யாரோ தோள்ல தட்டறாங்க. பாப்பாதான். இரும்மா, இரு… கையக் காட்டி உக்கார வெச்சிட்டேன். பயத்துல ஒரு இடத்துல நிக்க மாட்டேங்கறா.

ஸ்கூல் லிங்க்கைத் திறந்து வெச்சிருக்கேன். 'காத்திருக்கவும்'னு வருது, நம்ம கட்டம் மட்டும் தெரியுது. அதைச் சுத்தி இழுத்துட்டேன்… ஏன், அவ மட்டும் தெரிஞ்சா போதாதா?… ஆமா. ஆமா, அது சரிதான். கேள்வி கேக்கறவரும் தெரியணும், டீச்சரும் தெரியணும். இல்லன்னா 'இவ சும்மா கையாட்டறா'ன்னு அதுக்கும் சொல்வாங்க. உனக்கும் கொஞ்சம் மூளை இருக்குடா… மூணு கட்டமும் ஒரே நேரத்துல, ஒரே அளவுல தெரியற மாதிரி வெச்சிட்டு, மொத்த ஜன்னலையும் சுத்தி இழுக்கணும். புரியுது. நடுவுல ஜன்னலை நகத்தக் கூடாது, கட்டம் கூடவே நகராது. சரி.

ஸ்டார்ட் அமுக்கறேன்… மூணு, ரெண்டு, ஒண்ணுன்னு எண்ணுது! ராக்கெட் விடற மாதிரி! மேல சிவப்பா நேரம் ஓடுது… சத்தமா? என்ன சத்தம்? மைக் படம் இருக்கு, குறுக்க கோடு போட்டிருக்கு. பக்கத்துல ஸ்பீக்கர் படம், அதுலயும் கோடு… இந்த ரெக்கார்டிங் பெட்டியில மட்டும்தான் கோடு மாப்ள, ஸ்கூல் ஜன்னல்ல மைக் தொறந்துதான் இருக்கு. இந்த வீட்ல லேப்டாப்புக்குச் சத்தம் உண்டுன்னே யாருக்கும் ஞாபகம் இல்ல… சரி சரி, அப்ப எடுத்து விடறேன். டீச்சர் குரலும் வேணும்தான்.

…என்னது? தெரியாம எடுக்கணுமா? ஏன் தெரியாம எடுக்கணும்?… இல்ல, மாட்டேன். முதல்லயே சொல்லிடுவேன், 'ஐயா, அம்மா, இங்க நானும் ரெக்கார்ட் பண்றேன்'னு… வேணாம்னு சொன்னா சொல்லட்டும். ஏன் வேணாம்னு என் மூஞ்சியப் பாத்துச் சொல்லட்டும். ஒளிஞ்சு எடுக்கறதுக்கு நான் என்ன திருட்டு வேலையா பண்றேன்? ஒளிஞ்சு எடுத்ததைக் காட்டினா பேச்சு அதுல போயிடும். 'எங்களைக் கேக்காம எடுத்தீங்களா'ன்னு அதையே புடிச்சிக்குவாங்க. என் பொண்ணு பதிலை யாரும் பாக்க மாட்டாங்க… சீட் போயிடுமா? போகட்டும். பதிலே சொல்லாதவன்னு பேர் வாங்கிக்கிட்டு அந்தச் சீட்ல போய் உக்காரணுமா அவ? வருஷம் பூரா எல்லாரும் அவளை எப்படிப் பாப்பாங்க?

…அட! லைட் அணையுது… எரியுது… கரெண்ட் இல்லடா, இவதான். சுவிட்சைப் போட்டுப் போட்டு அணைக்கறா. எங்க வீட்ல கூப்பிடறதுன்னா இப்படித்தான். நாம 'ஏய்'னு கத்தற மாதிரி அவளுக்கு இது… இருடீ! ரெண்டு நிமிஷம்!… விரலைக் காட்டினேன். விரலைக் கடிச்சிடுவா போல பாக்கறா. அப்படியே உங்க அக்கா பார்வை.

இன்னொரு போன் வேற வருது. இரு… கட்டடத்து வாட்ச்மேன், லிஃப்ட் நடுவுல நிக்குதாம். உள்ள ஆள் யாரும் இல்ல. என் கூட வேலை பாக்கறவன் கிளம்பிட்டான், அவன் பாத்துக்குவான். அந்த வாட்ச்மேனுக்கு நாளெல்லாம் என் குரல் கேக்கலன்னா தூக்கம் வராது.

சரி, எங்க விட்டோம்? ஆங், ஓடிக்கிட்டிருக்கு. சும்மா ஒரு தடவை எடுத்துப் பாக்கறேன்னுதானே. இப்ப நிறுத்தணும்… சிவப்பா சதுரம். அமுக்கிட்டேன். இப்ப எங்க போச்சு?… தானாவே சேவ் ஆயிடுமா? எங்க?… மஞ்சள் ஃபைல் படம். அதுல வீடியோஸ். அதுல… 'ஸ்கிரீன் ரெக்கார்டிங்ஸ்'. திறக்கறேன். ஆங், இதோ, முதல்லயே இருக்கு. என் தாடைதான் தெரியுது. பரவால்ல, தாடை தெளிவா வந்திருக்கு. வேலை செய்யுதுடா! நீ கெட்டிக்காரன் மாப்ள, நல்லா இருப்ப.

…இரு.

இரு இரு. என்னடா இது? இது மட்டும் இல்ல. கீழ நிறைய இருக்கு… நிறையன்னா, இழுக்க இழுக்கப் போய்க்கிட்டே இருக்கு. எல்லாத்துக்கும் தேதிதான் பேரு. நான் எடுக்கலடா. இன்னிக்குத்தானே கத்துக்கிட்டேன்?… எல்லாத்துலயும் ஒரு டீச்சர் கையத் தூக்கிக்கிட்டு நிக்கறாங்க. அவளோட ஆன்லைன் கணக்கு கிளாஸ் மாதிரி இருக்கு. இது சயின்ஸ்…

மாப்ள, மவுஸைப் புடுங்கிட்டா. என்னை இடிச்சித் தள்ளிட்டு உக்காந்துட்டா. எதையோ தேடறா… என்னம்மா?… லைன்ல இரு, போனைத் தோள்ல இடுக்கிக்கறேன்.

…

…போன வாரத் தேதி.

…

மாப்ள. இன்டர்வியூடா. மொத்த இன்டர்வியூவும் இருக்கு. மூணு கட்டமும் இருக்கு. வாத்தியார் குனிஞ்சிருக்கார், வழுக்கை மட்டும் தெரியுது. டீச்சர் இருக்காங்க. இவ இருக்கா, நடுவுல, கை ரெண்டும் முழுசா… இவளேதான் எடுத்திருக்கா! யாரும் சொல்லல! கேட்டா, எல்லாத்தையும் எடுப்பாளாம். கிளாஸ் எல்லாத்தையும்… இரு, கேக்கறேன்.

…

சொல்றா. மத்த பிள்ளைங்க டீச்சர் பேசறதைக் கேட்டுக்கிட்டே குனிஞ்சு எழுதிக்கலாமாம். இவ குனிஞ்சா டீச்சர் கை தப்பிப் போயிடுமாம். ஒரு வரி எழுதறதுக்குள்ள ரெண்டு வரி போயிடும். அதனால எழுதறதே இல்ல, ஸ்கிரீனை ரெக்கார்ட் பண்ணி வெச்சிட்டு அப்புறம் நிறுத்தி நிறுத்திப் பாத்துக்குவாளாம். லேப்டாப் வந்த நாள்லேர்ந்து இதுதான் வழக்கமாம். இன்டர்வியூ அன்னைக்கும் கை தானா போய் அமுக்கியிருக்கு… எனக்கு எங்கடா தெரியும்? மார்க் வருதா, கையெழுத்துப் போட்டேனா, அவ்வளவுதான் நான்.

…ஏன் சொல்லலன்னா? எப்படிடா சொல்லுவா? என்ன நடந்துச்சுன்னே நாங்க அவகிட்ட சொல்லலியே! என் வாயைப் பாத்துப் பாதி புரிஞ்சிருக்கு. சொல்ல வந்தா நான் சுவத்தைப் பாத்து நின்னுட்டேன். தோளைத் தட்டினா, லைட்டை அணைச்சா, இருன்னு விரலைக் காட்டினேன். அவ பரீட்சை, அவ பதில், அவ லேப்டாப். அதைப் பத்தி நீயும் நானும் இவ்வளவு நேரம் பேசறோம், அவளை ஒரு வார்த்தை கேக்கல. அந்த பிரின்சிபாலம்மாவை என்ன திட்டு திட்டினேன்! எனக்கே கூச்சமா இருக்கு மாப்ள.

…சத்தமா? இல்ல, சத்தம் இல்ல, அதான் கோடு போட்டிருக்கே… வேணாம்டா, சத்தமே வேணாம்! நீ பாக்கணும் இதை. வாத்தியார் வாய் அசையுது. டீச்சர் கை அசையுது. அப்புறம் இவ கை அசையுது, அப்ப டீச்சர் வாய் மூடியே இருக்கு. இவ கை கொஞ்சம் போனதுக்கு அப்புறம்தான் அவங்க வாய் திறக்குது. ஒவ்வொரு கேள்விக்கும் அப்படித்தான். இவ முன்னாடி, அவங்க பின்னாடி. யார் பதில் சொல்றா, யார் எடுத்துச் சொல்றான்னு குருடனுக்குக்கூட… சரி, எனக்கே தெரியுது!

மெழுகுவத்தி! மெழுகுவத்தி எங்கன்னு கேட்டேன். நேரா அங்க கொண்டு போறா… இதோ. இவ சொல்றா. டீச்சர் வாய் அசையுது. இவ உடனே தலையாட்டறா, இல்ல இல்லன்னு, ரெண்டு கையையும் வீசறா. ஸ்கிரீன்கிட்ட மூஞ்சியக் கொண்டு போயி ஓ ரெண்டுன்னு விரலால எழுதிக் காட்டறா. டீச்சர் நெத்தியில கைய வெச்சிக்கறாங்க. அப்புறம் மறுபடி வாய் அசையுது… ஆமாடா! திருத்தினது டீச்சர் இல்ல, இவ! தப்பா எடுத்துச் சொன்னாங்கன்னு இவ புடிச்சிருக்கா, டீச்சர் உதட்டைப் படிச்சு! எதை வெச்சு அவ பதிலே சொல்லலன்னாங்களோ, அங்கதான்டா அவ டீச்சரையே நிறுத்தித் திருத்தியிருக்கா.

…அழல. லிஃப்ட் தூசி… ஆமா, வீட்டுக்குள்ளதான். விடு.

பத்து நிமிஷம்தான் இருக்கு. என்ன பண்ணலாம்?… மறுபடி பதில் சொல்லட்டும்ங்கற. அதையும் எடுத்துக்கலாம், இதையும் கையில வெச்சிக்கலாம். நல்ல யோசனைதான். இரு, அவளைக் கேக்கறேன். இந்தத் தடவை கேட்டுட்டுப் பண்ணலாம்.

…

…

மாட்டாளாம்.

…பயமெல்லாம் இல்லடா. எனக்குத்தான் பயம்னு தோணியிருக்கு. கோவம்! காலைலேர்ந்து மூஞ்சியத் தூக்கி வெச்சிருந்ததே அதுக்குத்தானாம். 'ஒரு தடவை சொல்லிட்டேன். சரியாச் சொன்னேன். அவங்க பாக்கலன்னா அதுக்கு நான் ஏன் ரெண்டாவது தடவை சொல்லணும்?'ங்கறா. கேக்கறா பாரு கேள்வி! 'அவங்க எல்லாரும் உக்காந்து இதை முதல்லேர்ந்து பாக்கட்டும். புரியலன்னா என்னைக் கேக்கட்டும், நான் நிறுத்தி நிறுத்திச் சொல்றேன்'ங்கறா.

…தெரியும்டா, சீட் போகலாம். சொன்னேன் அவகிட்ட. 'போனா போகட்டும், அது என் தப்பு இல்ல'ங்கறா. நான் உன்கிட்ட சொன்ன அதே பேச்சு. என் வாயிலேர்ந்து படிச்சாளோ, இல்ல என் ரத்தமோ… உங்க ரத்தமா? வாய்ப்பே இல்ல! உங்க பரம்பரையில யாராவது ஒருத்தர் மேஜையைத் தட்டியிருக்கீங்களா?

…கேக்காம எடுத்ததுன்னு சொல்வாங்களா? சொல்லட்டும். நான் சொல்றேன் அதுக்குப் பதில். உங்க ஸ்கூல்ல பிள்ளைங்க கிளாஸ்ல எழுதிக்கறதுக்கு அனுமதிக் கடிதமா குடுக்கறாங்க? அவங்க பேனாவால எழுதறாங்க, இவ இப்படி எழுதிக்கறா. அதுல என்ன திருட்டு? இனிமே கேட்டுட்டு எடுக்கணும்னா கேக்கறோம். எல்லாரையும் கேக்கச் சொல்லுங்க. அந்த டீச்சருக்கும் இது போய்ச் சேரணும் மாப்ள. அவங்களும் தப்பு பண்ணலன்னு இதுலதான் இருக்கு. பாவம், தப்பாச் சொன்னதுக்கு உடனே மன்னிப்பு கேட்ட ஒரே ஆள் அந்த மொத்தக் கூட்டத்துல அவங்கதான்.

சரி, கடைசியா ஒண்ணு சொல்லு. நம்ம ஸ்கிரீன்ல ஓடறது அவங்க எல்லாருக்கும் தெரியணும்னா என்ன பண்ணணும்?… பச்சைப் பட்டனா? கீழ நடுவுலயா?… அவளைக் கேக்கறேன்… தெரியுமாம். ஒரு பார்வை பாக்கறா என்னை, 'இதுகூடத் தெரியாதா'ன்னு. நீ குடுத்த லேப்டாப், நீயே அனுபவி.

சட்டை மாத்திட்டு வந்துட்டா. கருப்புச் சட்டை. கை நல்லாத் தெரியுமாம். நான் காலைலேர்ந்து பூப்போட்ட சட்டையை நீட்டிக்கிட்டிருந்தேன்.

…உங்க அக்காவுக்கு நீ சொல்லு. 'கத்தினாரா?'ன்னு கேப்பா. கத்தலன்னு சொல்லு. உண்மையிலேயே கத்தப் போறதில்ல. நான் ஓரமா உக்காந்துக்கறேன். ரூம்ல இருக்கக் கூடாதுன்னாலும் வெளிய போக மாட்டேன், அது வேற விஷயம். ஆனா வாயைத் திறக்க மாட்டேன். இவ சொல்லுவா, டீச்சர் எடுத்துச் சொல்லட்டும். மத்தவங்க நிமிந்து பாக்கட்டும்.

…உள்ள விட்டுட்டாங்க. கட்டம் கட்டமா வராங்க. வாத்தியார்… டீச்சர்… பிரின்சிபாலம்மாவே வந்துட்டாங்க இன்னிக்கு. கம்ப்யூட்டர் சாரும் ஒரு மூலையில. இவ நேரா நிமிந்து உக்காந்துட்டா. பச்சைப் பட்டனை அமுக்கப் போறா.

…என்ன? போனைக் கட் பண்ணாம ஓரமா வெக்கணுமா? ஏன்?… நீயும் கேக்கணுமா?

கேக்கறதுக்கு என்னடா இருக்கு? கேட்டுக் கேட்டுத்தான் இவ்வளவு வம்பும் வந்துச்சு. இது பாக்க வேண்டிய விஷயம். சாயங்காலம் வீட்டுக்கு வா, வந்து பாரு.

வெச்சிடறேன்.